விதிப்புத்தகத்தில் யார் பெயர்?

எங்கள் ஆயா இருபத்தாறு வயதில் விதவையானவள். கல்யாணக் கூட்டத்தில் முன்வரிசையில் நிற்கமாட்டாள், நிற்கவும் விடமாட்டார்கள். ஆனால் திருவதிகையில் எங்கள் வீட்டுத் திண்ணையில் செங்கல் துண்டால் தாயக்கட்டம் கீறிவிட்டால் அங்கே அவள் வைத்ததுதான் சட்டம். ஒரு பக்கம் தேய்த்து வெள்ளையாக்கிய புளியங்கொட்டைகள்தான் பகடை. எல்லா வீட்டிலும் உள்ளதுபோல் தாயம் விழுந்தால்தான் காயை இறக்கலாம், வெட்டினால்தான் உள்கட்டத்துக்குள் போகலாம். இவற்றோடு ஆயா தன் கணக்கில் ஒன்றைச் சேர்த்திருந்தாள். தொடர்ந்து மூன்று சுற்று தாயம் விழாதவள் ஒரு காயைச் சும்மா இறக்கிக்கொள்ளலாம். பக்கத்துத் தெருப் பெண்கள் இதென்ன புதுசு என்று சண்டைக்கு வந்தபோது அவள் சொன்னது எனக்கு இன்னும் காதில் இருக்கிறது: "ஆடவே விடாம ஒருத்திய ஓரமா உக்கார வெச்சா அது என்னாடி ஆட்டம்?"

நான் படித்த விளையாட்டு வடிவமைப்புப் பாடங்கள் எதிலும் இதைவிடத் தெளிவான வரையறையை நான் பார்க்கவில்லை. ஆயாவுக்கு எழுதத் தெரியாது. அந்த விதி அவளோடு போயிருக்கவேண்டியது. எனக்கு நினைவிருப்பதால் இருக்கிறது.

இந்தக் கட்டுரை தாயத்தைப் பற்றியதல்ல. மேசையைச் சுற்றி உட்கார்ந்து கதை சொல்லி ஆடும் ஒரு விளையாட்டைப் பற்றியும், அந்தத் துறையில் வேலை பார்த்த சில பெண்களைப் பற்றியும். ஆனால் அவர்களைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தத் திண்ணைதான் முன்னால் வந்து நிற்கிறது.

விளையாட்டின் பெயர் 'டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ்'. 1974இல் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னெசன் இருவரும் உருவாக்கி, அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் லேக் ஜெனீவா என்ற சிற்றூரிலிருந்து டி.எஸ்.ஆர். என்ற நிறுவனம் வெளியிட்டது. நான்கைந்து பேர் உட்காருவார்கள். ஒருவர் கதைசொல்லி, மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரம். "கதவைத் திறக்கிறேன்" என்று ஒருத்தி சொன்னால் கதவு திறந்ததா இல்லையா என்பதைப் பகடையும் விதிப்புத்தகமும் முடிவு செய்யும். கூத்தில் பாதி, தாயத்தில் பாதி என்று என் அக்கா மகளுக்கு நான் விளக்கினேன். "அப்ப சூப்பர் சித்தி" என்றாள். கல்லூரி இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். அவளும் அவள் தோழிகள் மூவரும் ஞாயிற்றுக்கிழமை மதியங்களில் எங்கள் வீட்டுக்கு வரத் தொடங்கி இரண்டு வருடம் ஆகிறது. இருபது முகப் பகடை தபாலில் வந்து சேரும்வரை ஒரு சொம்பில் இருபது முந்திரிக்கொட்டை போட்டு, எண் எழுதி, குலுக்கி எடுத்தோம். பண்ருட்டிப் பக்கத்தில் அதற்குப் பஞ்சமில்லை.

பழைய விதிப்புத்தகங்களை அவர்களுக்குக் காட்டியபோதுதான் வம்பு வந்தது. 1978இல் வெளியான 'பிளேயர்ஸ் ஹேண்ட்புக்'கில் பலத்துக்கு ஓர் எண் உண்டு. மூன்று ஆறுமுகப் பகடைகளை உருட்டினால் அதிகபட்சம் 18. போர்வீரர் ஒருவருக்கு அந்த 18 விழுந்துவிட்டால் இன்னொரு முறை நூறு வரை உருட்டி, பலத்தைக் கூடுதலாக அளக்கலாம். மனித ஆண் என்றால் நூறு வரை போகலாம். மனிதப் பெண் என்றால் ஐம்பதோடு நின்றுவிடும். பிற இனப் பெண்களில் பெரும்பாலோருக்கு இன்னும் கீழே கோடு. நெருப்பு கக்கும் பறவையும் பேசும் வாளும் நடமாடும் உலகம் அது. அதில் நம்பமுடியாதது என்று அவர்கள் தனியாக எடுத்து வைத்தது வலுவான ஒரு பெண்ணை. 1989இல் இரண்டாம் பதிப்பு வரும்வரை அந்தக் கோடு இருந்தது. அதற்கும் முன்பே, 1976இல், அந்த நிறுவனத்தின் 'டிராகன்' இதழில் வந்த கட்டுரை ஒன்று பெண் பாத்திரங்களின் ஆளுமை எண்ணை எடுத்துவிட்டு அந்த இடத்தில் 'அழகு' என்ற எண்ணை வைத்தது.

அக்கா மகளின் தோழி ஒருத்தி நெய்வேலிக்காரி, பளு தூக்கும் போட்டிக்குப் போகிறவள். அந்தப் பக்கத்தை இரண்டு முறை படித்துவிட்டு, "மேடம், இத எழுதுன ஆளு வீட்ல தண்ணி யாரு தூக்குனாங்க?" என்று கேட்டாள்.

இந்தச் சூழலுக்குள்தான் 1979இல் ஜீன் வெல்ஸ் வருகிறார். டி.எஸ்.ஆரின் வடிவமைப்புப் பிரிவில் வேலைக்கு எடுக்கப்பட்ட முதல் பெண். அந்த ஆண்டே 'டிராகன்' இதழில் 'சேஜ் அட்வைஸ்' என்ற கேள்வி பதில் பகுதி தொடங்கியது. விதிகளில் சந்தேகம் கேட்டு எழுதும் வாசகர்களுக்கு அதில் முதலில் பதில் சொன்னவர் அவர். நான் இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க விரும்புகிறேன். பெண்ணுக்கு ஐம்பதுக்கு மேல் பலம் கிடையாது என்ற புத்தகத்துக்குப் பொருள் விளக்கம் தரும் நாற்காலியில் ஒரு பெண். விதியை எழுதியவர் அவரல்ல, விளக்கியவர் அவர். வீட்டுச் சட்டங்களை மருமகளுக்குச் சொல்லிக் கொடுக்கும் வேலையை மாமியாரிடம் விட்டு வைத்திருப்பது நமக்குப் புதிதா? ஆனால் வெல்ஸ் அதோடு நிற்கவில்லை. 1980 ஜூலை இதழில் கிம் மோகனுடன் சேர்ந்து, விளையாட்டில் பெண்களுக்குச் சமத்துவம் கேட்டு ஒரு கட்டுரை எழுதினார். தலைப்பே 'ஏன் கூடாது?' என்று கேட்டது.

1981இல் அவருடைய 'பேலஸ் ஆஃப் தி சில்வர் பிரின்சஸ்' வந்தது. புதிதாக ஆடக் கற்றுக்கொள்கிறவர்களுக்கான சாகசப் புத்தகம். அச்சாகி வெளியேறிய கையோடு நிறுவனம் அதைத் திரும்பப் பெற்றது. பெரும்பாலான படிகள் அழிக்கப்பட்டன. தப்பிய சில படிகளுக்குச் சேகரிப்பாளர்கள் இன்று பெரிய விலை கொடுக்கிறார்கள். காரணமாகச் சொல்லப்பட்டவை படங்கள். ஒன்றில், தலைமுடியால் கட்டப்பட்ட ஒரு பெண்ணைச் சில ஆண்கள் சூழ்ந்து துன்புறுத்துகிறார்கள். இன்னொன்றில் மூன்று தலை உயிர்களின் முகங்கள் அலுவலகத்தில் சிலருடைய முகங்களைக் கேலி செய்வதாகப் பேச்சு.

கட்டப்பட்ட பெண்ணின் படத்தை வரைந்தவர் லாரா ராஸ்லாஃப், ஒரு பெண். இங்கே பெண்ணிய வாசிப்பு சுலபமாக நழுவிவிடக்கூடும். அந்தப் படம் எனக்குப் பிடிக்கவில்லை. பன்னிரண்டு வயதுப் பிள்ளைகள் வாங்கும் புத்தகத்தில் அது இருந்திருக்க வேண்டியதில்லை. கதைக்குள் அது ஒரு மாயத்தோற்றம்தான்: காப்பாற்ற ஓடிவருகிறவர்களைப் பிடித்துத் தின்னும் ஒரு ஜந்து விரித்த வலை. அபலையைக் காப்பாற்றப் பாயும் வீரன் மாட்டிக்கொள்கிறான் என்பதில் ஒரு நக்கல் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். ஆனாலும் பார்க்கிறவர் கண்ணில் நக்கல் தங்காது, படம்தான் தங்கும்.

என் கவலை படத்தில் இல்லை, அதற்குப் பிறகு நடந்ததில். படத்தை எடுத்துவிட்டு அதே புத்தகத்தை வெளியிட்டிருக்கலாம். நிறுவனம் அதை டாம் மோல்ட்வேயிடம் கொடுத்துத் திருத்தி எழுதச் செய்தது. வெல்ஸின் மூலத்தில் இளவரசியின் காலம் பழங்கதை, அரண்மனை பாழடைந்து கிடக்கிறது. சுற்றியுள்ள நாட்டையும் விரிவாகச் சொல்லியிருப்பார். பல அறைகளைக் காலியாக விட்டு, 'இதை நீங்களே நிரப்பிக்கொள்ளுங்கள்' என்று கதைசொல்லியிடம் ஒப்படைத்திருப்பார். திருத்திய பதிப்பில் சுற்றுநாட்டின் விவரம் போய்விட்டது. காலி அறைகள் நிரம்பிவிட்டன. அரண்மனை காலத்தில் உறைந்து நிற்கிறது, இளவரசியும் அப்படியே, மீட்க வருகிறவர்களுக்காகக் காத்துக்கொண்டு. கட்டிப்போட்ட பெண்ணை ஓவியத்திலிருந்து நீக்கிவிட்டுக் கதையின் நடுவில் கொண்டுவந்து வைத்தார்கள் என்றுதான் எனக்குப் படுகிறது.

மோல்ட்வேயின் பதிப்பு ஆடுவதற்கு இறுக்கமானது, நேர்த்தியானது. அதை மறுப்பது பொய். வெல்ஸின் காலி அறைகளைப் பயிற்சியின்மை என்று விமர்சித்தவர்கள் பலர். இரண்டையும் எங்கள் மேசையில் ஆடிப் பார்த்தோம். காலி அறைக்கு வந்தபோது பெண்கள் நால்வரும் கதைசொல்லியின் கையிலிருந்து கதையைப் பிடுங்கிக்கொண்டார்கள். ஒருத்தி அங்கே ஓர் அடுப்படி வைத்தாள். அடுப்பில் இன்னும் சூடு இருந்தது என்றாள். பாழடைந்த அரண்மனையில் யார் சமைக்கிறார்கள் என்று தேடியே அந்த மதியம் போயிற்று. மூன்று சுற்று தாயம் விழாதவளுக்கு ஒரு காய் இறங்கியதுபோல. வெல்ஸ் இதை நினைத்துத்தான் காலியாக விட்டாரா, நேரம் போதாமல் விட்டாரா, அது எனக்கு முக்கியமில்லை.

திருத்திய புத்தகத்தின் அட்டையில் இரண்டு பெயர்களும் இருந்தன. அதற்குப் பிறகு அந்த நிறுவனத்திலிருந்து ஜீன் வெல்ஸ் பெயரில் தனிப் புத்தகம் எதுவும் வரவில்லை. 2012இல் காலமானார்.

என் சொந்தக் கதை ஒன்றையும் இங்கே சொல்லிவிடுகிறேன். பல வருடங்களுக்கு முன், ஆசிரியர் பயிற்சி ஒன்றுக்காகப் பல்லாங்குழியை வைத்துக் கணக்குச் சொல்லித்தரும் நாற்பது பக்கக் கையேடு எழுதினேன். விதிகளை மாற்றி, குழந்தைகளோடு ஆடிப் பார்த்து, தவறிய இடங்களைத் திருத்தி ஆறு மாதம் வேலை. அச்சில் வந்தபோது 'ஆசிரியர்' என்ற இடத்தில் ஒரு ஐயாவின் பெயர். என் பெயர் நன்றிப் பட்டியலில், தேநீர் ஏற்பாடு செய்தவர் பெயருக்கு மேலே. கேட்டதற்கு, "விளையாட்டுதானேம்மா, இதுல என்ன எழுத்து இருக்கு?" என்றார்கள். சென்னையில் வினிதா சித்தார்த்தாவின் கிரீடா தாயத்தையும் பல்லாங்குழியையும் பெட்டியில் போட்டு, விதித்தாளோடு கடைகளில் வைத்தபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சியில் இந்தக் காயமும் ஒரு பங்கு. அச்சடித்த தாள் ஒன்று கையில் இருந்தால் அதன்பின் 'விளையாட்டுதானே' என்று சொல்வது கொஞ்சம் கடினம்.

ஊர்ப் பழக்கமும் அதுதான். அப்பர் பதிகம் பாடத் தொடங்கிய தலம் இது என்று திருவதிகையில் வழி கேட்கிறவர்களுக்கெல்லாம் சொல்வோம். தம்பியை மறுபடி சைவத்துக்குக் கொண்டுவந்தவர் அக்கா திலகவதியார். மணம் பேசிய கலிப்பகையார் போரில் இறந்தபின் தம்பிக்காக உயிர் தரித்து, இந்த வீரட்டானத்தில் திருவலகிட்டு, மெழுகி, சூலை நோயோடு வந்தவருக்குத் திருநீறு தந்தவர். அறுபத்து மூவர் கணக்கில் தம்பி உண்டு, அக்கா இல்லை.

இனி சட்டென்று கடந்து போகவேண்டிய இரண்டு பெயர்கள். 1985இல் கடனில் தள்ளாடிய டி.எஸ்.ஆரைக் கைப்பற்றியவர் லொரெய்ன் வில்லியம்ஸ் என்ற பெண். 1997இல் விசார்ட்ஸ் ஆஃப் தி கோஸ்ட்டுக்கு அது விற்கப்படும்வரை அவர்தான் தலைவர். நிர்வாகத் தவறுகள் நிறைய. ஆனால் ரசிகர்கள் அவர்மீது வைக்கும் முதல் குற்றச்சாட்டு, அவர் விளையாடாதவர் என்பது. கடனில் தள்ளிய ஆண்கள் விளையாடியவர்கள், ஆகவே மன்னிக்கப்பட்டவர்கள். மற்றவர் மார்கரெட் வைஸ். ட்ரேசி ஹிக்மனோடு சேர்ந்து 'டிராகன்லான்ஸ்' உலகைப் படைத்து, நாவல்களாக லட்சக்கணக்கில் விற்றவர். பிறகு சொந்தப் பதிப்பகம் வைத்து விளையாட்டுகள் வெளியிட்டார். தன் பதிப்பகத்தில் டிராகன்லான்ஸ் புத்தகங்களை வெளியிட, தான் படைத்த உலகுக்கே உரிமம் வாங்கவேண்டியிருந்தது. பெயர் அட்டையில் இருந்தால் மட்டும் போதாது என்பதற்கு அவர் சாட்சி.

நம் பக்கத்துக்கு வருவோம். இந்த விளையாட்டின் பழைய புத்தகங்களில் இந்தியா நெடுங்காலமாக இருக்கிறது, அசுரர் வரிசையில். 1977இன் 'மான்ஸ்டர் மேன்யுவல்' புத்தகத்தில் ராட்சசன் புலித்தலையோடு நல்ல அங்கி உடுத்தி, சுங்கான் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான். 1980இல் வந்த 'டெய்ட்டீஸ் அண்ட் டெமிகாட்ஸ்' இந்திரனுக்கும் ருத்ரனுக்கும் காளிக்கும் எத்தனை அடி தாங்குவார்கள் என்று எண் போட்டது. திரிபுரம் எரித்த தலத்தில் வளர்ந்த எனக்குச் சிரிப்புதான் வந்தது, கோபம் வரவில்லை. காளியை எண்ணால் அளக்கிறவனை அவளே பார்த்துக்கொள்வாள். என்னைத் தொந்தரவு செய்தது வேறு. அந்தப் பக்கங்களில் நாம் சண்டை போடப்பட வேண்டியவர்கள். மேசையில் உட்கார்ந்து ஆடுகிறவர்களாக அவர்கள் நம்மை நினைத்துப் பார்க்கவே இல்லை.

2022இல் வந்த 'ஜர்னீஸ் த்ரூ தி ரேடியன்ட் சிட்டாடல்' இந்த இடத்தில் ஒரு திருப்பம். பதின்மூன்று சாகசக் கதைகள். முழுக்கக் கறுப்பினத்தவரும் பழுப்பு நிறத்தவரும் எழுதியவை. புத்தகம் அந்த ஆண்டுக்கான நெபுலா விருதில் விளையாட்டு எழுத்துப் பிரிவின் இறுதிப் பட்டியலுக்கு வந்தது. அதில் 'இன் தி மிஸ்ட்ஸ் ஆஃப் மணிவர்ஷா'வை எழுதியவர் மிமி மண்டல். கொல்கத்தாவிலிருந்து வந்தவர், தலித் பெண், ஜாதவ்பூர் பல்கலைக்கழகத்தில் படித்தவர். ஆக்டேவியா பட்லருக்கு எழுதிய கடிதங்களும் கட்டுரைகளும் கொண்ட தொகுப்பை அலெக்ஸாண்ட்ரா பியர்ஸோடு இணைந்து தொகுத்து லோக்கஸ் விருது பெற்றவர். அதே புத்தகத்துக்காக 2018இல் ஹியூகோ இறுதிப் பட்டியலிலும் இடம்பெற்றார்.

மணிவர்ஷா நடக்கும் நாடு சங்கபூமி. வங்காளத்து ஆறுகளின் ஈரம் அதில் இருக்கிறது. ஆற்றங்கரையில் போட்டி நடக்கும்போது எங்கிருந்தோ எழுந்த வெள்ளம் ஒரு வெற்றியாளரை அடித்துக்கொண்டு போய்விடுகிறது. தேடிப் போகிறவர்கள் ஆட்டக்காரர்கள். இந்த நாட்டில் ஆற்றுக்கு உருவும் உயிரும் உண்டு. 2015 வெள்ளத்தில் கடலூர் மாவட்டம் மூழ்கியதைப் பார்த்த எங்களுக்கு இதைப் புரியவைக்க யாரும் தேவைப்படவில்லை. கெடிலம் பத்து மாதம் மணலாய்க் கிடக்கும், ஒரு ராத்திரியில் எழுந்து வந்து வாசலில் நிற்கும். எங்கள் மேசையில் அன்று யாரும் வாளை உருவவில்லை. "இந்த ஆத்துக்கு என்ன கொற வச்சீங்கன்னு மொதல்ல ஊர்க்காரங்கள கேக்கலாம்" என்றாள் அக்கா மகள். இந்தியாவை அசுரர் பட்டியலில் வைத்த புத்தகங்களிலிருந்து இந்தக் கேள்வி கிளம்பியிருக்காது. மண்டலின் கதையிலிருந்து கிளம்பியது. இதைவிடப் பெரிய பாராட்டு எனக்குத் தெரியவில்லை.

குறை சொல்லவும் இருக்கிறது. பதின்மூன்று பேர், ஆளுக்கொரு நாடு, ஆளுக்குச் சில பக்கம். சங்கபூமியின் சமூகம் எப்படி அடுக்கப்பட்டிருக்கிறது, யார் ஆற்றில் எந்தத் துறையில் தண்ணீர் எடுக்கலாம் என்பதையெல்லாம் அந்தப் பக்கக் கணக்கு தாங்காது. சாதியை இவ்வளவு கூர்மையாக அறிந்த ஒரு எழுத்தாளருக்குக் கிடைத்த இடம் ஒரு அத்தியாயம். பகடையின் விதிகள், எது பலம், எது அறிவு என்ற கணக்கு, எல்லாம் ஏற்கெனவே எழுதப்பட்டிருந்தன. பதிப்புரிமைப் பக்கத்தில் நிறுவனத்தின் பெயர். வெல்ஸ் விதியை விளக்க அழைக்கப்பட்டார், மண்டல் நாட்டை வரைய அழைக்கப்பட்டார். நாற்பது ஆண்டில் நகர்ந்த தூரம் உண்மையானது, அளக்கக்கூடியது. விதிப்புத்தகம் இருக்கும் அறைக்குள் இன்னும் போகவில்லை.

சமீபத்தில் அந்த அறையின் கதவு எதிர்பாராமல் கொஞ்சம் திறந்தது. 2000இல் நிறுவனம் வெளியிட்ட திறந்த உரிமத்தின்படி யாரும் இந்த விதிகளை வைத்துப் புத்தகம் போடலாம். 2023 ஜனவரியில் அந்த உரிமத்தை இறுக்கப் பார்த்தார்கள். ஆடுகிறவர்களும் சிறு பதிப்பாளர்களும் கொதித்தெழுந்தார்கள். அந்த மாதமே நிறுவனம் பின்வாங்கி, அடிப்படை விதிகளை கிரியேட்டிவ் காமன்ஸ் உரிமத்தில் விட்டுவிட்டது. இனி அதைத் திரும்பப் பெற முடியாது. மூலத்தைக் குறிப்பிட்டுவிட்டு, திருவதிகையில் உட்கார்ந்து அந்த விதிகளைத் தமிழில் மாற்றி எழுதி விற்க யாருடைய அனுமதியும் வேண்டாம்.

அக்கா மகள் எழுதத் தொடங்கியிருக்கிறாள். இருநூறு பக்க நோட்டில் பாதி முடிந்துவிட்டது. 'பலம்' என்ற எண்ணை எடுத்துவிட்டாள். 'சுமை' என்று வைத்திருக்கிறாள். எவ்வளவு தூக்கலாம், எவ்வளவு தூரம், யாருக்காக என்று மூன்று கட்டம். இது எனக்குப் பாதிதான் பிடித்திருக்கிறது, எல்லாப் பெண்ணும் சுமை தூக்கத்தான் பிறந்தாளா என்று கேட்டேன். நெய்வேலிக்காரி என் பக்கம். ஆயாவின் மூன்று சுற்று விதி ஏழாம் பக்கத்தில் இருக்கிறது. அதன் பக்கத்தில் பெயர் போடவேண்டும் என்றாள் அக்கா மகள். ஆயாவை ஆயா என்றே கூப்பிட்டவள் நான். முழுப்பெயருக்கு அம்மாவுக்குப் போன் செய்யவேண்டியிருந்தது. அம்மாவும் கொஞ்சம் யோசித்துத்தான் சொன்னாள்.

போன வாரம் அந்த விதியிலேயே சிக்கல் வந்துவிட்டது. மேசையில் உள்ள எல்லோருக்குமே மூன்று சுற்று எதுவும் விழவில்லை என்றால் எல்லோரும் ஒரு காய் இறக்கலாமா, இல்லை கதைசொல்லி தோற்றதாகக் கணக்கா? நான் கதைசொல்லி, ஆகவே எனக்கு ஓட்டு இல்லை என்று சொல்லிவிட்டார்கள். ஆறு மணி ஆகிவிட்டது, கடைசிப் பேருந்துக்கு நேரமாகிவிட்டது. வரும் ஞாயிற்றுக்கிழமை தொடரும்.